வழிகாட்டியின் கூலி ஒரு வெள்ளி நாணயம்

தென் அமெரிக்காவின் பெரு நாட்டில், உருபம்பா ஆற்றங்கரையிலிருந்து தொடங்குகிறது புகழ்பெற்ற இன்கா மலைப்பாதை. ரயில் பாதையின் 82-ஆவது கிலோ மீட்டர் கல்லருகே நடக்கத் தொடங்குவோர், நான்கு நாள்களில் ஏறத்தாழ 43 கி.மீ. கடக்கிறார்கள். 4,200 மீட்டருக்கும் உயரமான கணவாய் ஒன்றைத் தாண்டுகிறார்கள். ருங்குராகாய், சயக்மார்கா, வினய் வைனா ஆகிய இடிபாடுகளை வழியில் கண்டு, கடைசி நாளில் சூரிய வாயிலை அடைகிறார்கள். அங்கிருந்து பார்த்தால் கீழே மச்சு பிச்சு விரிந்து கிடக்கிறது.

உரிமம் பெற்ற வழிகாட்டி இல்லாமல் எவரும் இப்பாதையில் நடக்க முடியாது. நாளொன்றுக்கு 500 பேருக்கே அனுமதி. அவர்களில் பாதிக்கும் மேற்பட்டோர் சுற்றுலாப் பயணிகள் அல்லர். வழிகாட்டிகளும் சமையற்காரர்களும் கூடாரங்களையும் உணவுப் பொருள்களையும் முதுகில் சுமந்து நடக்கும் மலைவாழ் மக்களுமே.

நடக்க இயலாதோர் ரயிலில் வந்து, மலையடிவாரத்திலிருந்து பேருந்தில் ஏறுகிறார்கள். அந்தப் பேருந்து வளைந்து வளைந்து ஏறும் சாலைக்கு ஹிராம் பிங்காம் நெடுஞ்சாலை என்று பெயர். அத்தடத்தில் ஓடும் சொகுசு ரயிலின் பெயரும் ஹிராம் பிங்காம்தான். இன்காக்கள் கட்டிய நகருக்குச் செல்லும் வழியெங்கும் ஓர் அமெரிக்கப் பேராசிரியரின் பெயர் பொறிக்கப்பட்டிருக்கிறது. அவரை அந்நகருக்கு அழைத்துச் சென்றவரின் பெயரை அறிந்தவர்களோ மிகச் சிலர்.

1875 நவம்பர் 19-ஆம் நாள் ஹவாய்த் தீவுகளின் ஹொனலுலு நகரில் பிங்காம் பிறந்தார். அப்போது ஹவாய் அமெரிக்காவின் பகுதி அன்று, தனி முடியரசு. அவருடைய பாட்டனார் 1820-இல் அங்கு வந்திறங்கிய முதல் கிறிஸ்தவ சமயப் பரப்பாளர்களின் தலைவர். தந்தையார், கில்பர்ட் தீவுகளின் மொழிக்கு எழுத்து வடிவம் தந்து விவிலியத்தை அதில் மொழிபெயர்த்தவர். சிக்கனமும் வழிபாடும் கண்டிப்பும் நிறைந்த வீடு. மகனும் அதே பணியைத் தொடர்வார் என்று பெற்றோர் எதிர்பார்த்தனர்.

மகனின் மனம் வேறு திசையில் சென்றது. யேல் பல்கலைக்கழகத்தில் 1898-இல் பட்டம் பெற்றார். பெர்க்லியில் முதுகலையும், ஹார்வர்டில் 1905-இல் முனைவர் பட்டமும் பெற்றார். 1900-இல் அவர் மணந்த ஆல்ஃப்ரெடா மிட்செல், டிஃப்பனி நகை நிறுவனத்தைத் தோற்றுவித்தவரின் பேத்தி. ஏழு ஆண் மக்கள் பிறந்தனர். எளிய சமயப் பரப்பாளரின் மகன் பெருஞ்செல்வர் வீட்டு மருமகனானார். ஆசிரியர் சம்பளத்தில் எண்ணிப் பார்க்கவும் முடியாத பயணங்களுக்கு அந்த உறவு வழி திறந்தது.

தென் அமெரிக்க வரலாறு அன்றைய அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் ஏறக்குறைய யாரும் தொடாத துறை. பிங்காம் அதைத் தேர்ந்தெடுத்தார். நூலகத்தோடு நின்றுவிடாமல், சைமன் பொலிவார் படை நடத்திச் சென்ற வழியிலேயே வெனிசுலாவையும் கொலம்பியாவையும் 1906-07-இல் கடந்தார். 1909-இல் பெருவின் குஸ்கோ வட்டாரத்துக்கு வந்தபோது, உள்ளூர் ஆட்சியாளர் ஒருவரின் தூண்டுதலால் சொக்கேகிராவ் என்ற இன்கா இடிபாட்டைக் கண்டார். அவர் தொல்லியலில் பயிற்சி பெற்றவர் அல்லர். ஆயினும் அந்தப் பயணம் அவரை இன்காக்களின்பால் திருப்பிவிட்டது.

ஸ்பானியர் குஸ்கோவைக் கைப்பற்றிய பிறகு, இன்கா மன்னர்கள் வில்கபம்பா என்ற மலைக்காட்டுப் பகுதிக்குப் பின்வாங்கி, 1572 வரை தாக்குப்பிடித்தனர். அந்த ஆண்டில் கடைசி மன்னர் டூபாக் அமாரு பிடிபட்டு, குஸ்கோவில் கொல்லப்பட்டார். அவர்களின் இறுதித் தலைநகர் எங்கே இருந்தது என்பது மறந்துபோயிற்று. அதைக் கண்டுபிடிக்கும் நோக்கத்துடன், யேல் பல்கலைக்கழகத்தின் பெயரில் எழுவர் கொண்ட குழுவுடன் 1911-இல் பிங்காம் புறப்பட்டார்.

மச்சு பிச்சு என்ற பெயர் அப்போதே அறியப்படாத ஒன்றன்று. 1874-ஆம் ஆண்டு வரைபடம் ஒன்றில் அது குறிக்கப்பட்டிருந்தது. பிரெஞ்சுப் பயணி சார்ல்ஸ் வீனர் 1880-இல் வெளியிட்ட நூலில் அப்பெயரைக் கேள்விப்பட்டதாக எழுதியிருந்தார். குஸ்கோ பல்கலைக்கழகத்தின் தலைவராக இருந்த ஆல்பர்ட் கீசெக்கும் உருபம்பா பள்ளத்தாக்கின் இடிபாடுகளைப் பற்றி பிங்காமிடம் சொல்லியிருந்தார்.

1911 ஜூலை 23 அன்று மண்டோர் பம்பா என்ற இடத்தில் குழு தங்கியது. அங்கு நிலம் வைத்திருந்த மெல்ச்சோர் ஆர்தியாகா என்பவர், எதிர்மலையின் மேல் நல்ல இடிபாடுகள் இருப்பதாகச் சொன்னார். மறுநாள் காலை குளிரும் தூறலுமாக இருந்தது. உடன் வந்த அறிஞர்கள் மலையேற விரும்பவில்லை. ஆர்தியாகாவும் தயங்கினார். வழிகாட்டினால் ஒரு சோல் வெள்ளி நாணயம் தருவதாக பிங்காம் கூறியதும் அவர் இசைந்தார். அது அன்றைய அமெரிக்கப் பணத்தில் 50 சென்ட்; அப்பகுதி நாள்கூலியைப்போல மூன்று நான்கு மடங்கு.

பிங்காம், ஆர்தியாகா, பெரு அரசு துணைக்கு அனுப்பிய கர்ராஸ்கோ என்ற சார்ஜென்ட் ஆகிய மூவரும் புறப்பட்டனர். பொங்கி ஓடிய ஆற்றின்மேல் மரக்கட்டைகளைப் பிணைத்துப் போட்டிருந்த பாலத்தைப் பிங்காம் தவழ்ந்தே கடந்தார். செங்குத்தான சரிவில் ஏறி, நண்பகல் கழிந்த வேளையில் ஒரு குடிசையை அடைந்தனர். ரிச்சார்த்தே, அல்வாரெஸ் என்ற இரு கெச்சுவா உழவர்கள் அங்கே குடும்பத்துடன் வாழ்ந்தார்கள். வரி கேட்டும் படைக்கு ஆள் தேடியும் வரும் அதிகாரிகளுக்கு எட்டாத அம்மலையில், இன்காக்களின் படிவயல்களைத் திருத்திப் பயிர் செய்துவந்தவர்கள் அவர்கள். களைத்து வந்த விருந்தினருக்குக் குளிர்ந்த நீரும் வேகவைத்த சர்க்கரைவள்ளிக் கிழங்கும் தந்தார்கள்.

ஆர்தியாகா குடிசையில் பேசிக்கொண்டு தங்கிவிட்டார். அதற்கு மேல் வழிகாட்டியவன், அங்கிருந்த ஒரு சிறுவன். புதர்களுக்கும் மூங்கில்களுக்கும் நடுவே, சாந்தின்றி இழைத்து அடுக்கிய வெண்கருங்கல் சுவர்களை அவன் ஒவ்வொன்றாகக் காட்டினான். மூன்று சாளரங்கள் கொண்ட கோயிலின் சுவரில் கரியால் எழுதப்பட்ட ஒரு பெயர் பிங்காமின் கண்ணில் பட்டது. லிசர்ராகா, 1902 என்றிருந்தது. அகஸ்டின் லிசர்ராகா அதே பள்ளத்தாக்கின் உழவர். இவரே மச்சு பிச்சுவைக் கண்டவர் என்று பிங்காம் தம் குறிப்பேட்டில் நேர்மையாகப் பதிந்துகொண்டார். ஆண்டுகள் செல்லச் செல்ல, அவர் சொல்லிய கதைகளில் அந்தப் பெயர் மங்கிப்போயிற்று.

சில மணி நேரம் அளந்தும் படமெடுத்தும் கழித்த பின் பிங்காம் கீழே இறங்கினார். தாம் தேடிவந்த தலைநகர் அதுவென்று அன்று அவர் கருதவில்லை. மேலும் பயணம் செய்து, விட்கோஸ் என்ற இன்கா அரண்மனையின் இடிபாடுகளை அடையாளம் கண்டார். பிறகு எஸ்பிரிட்டு பம்பா என்ற காட்டுப் பகுதிக்குச் சுமைதூக்க ஆள்கள் தேவைப்பட்டனர். கூலிக்கு வர மக்கள் விரும்பவில்லை. உடன் வந்த உள்ளூர் அதிகாரி குடிசை குடிசையாகச் சென்றார். வெளியே வந்த குடியானவரின் கையை அன்புடன் பற்றிக் குலுக்கினார். அந்தக் குலுக்கலிலேயே ஒரு வெள்ளி நாணயம் கைமாறியது. முன்பணம் வாங்கியாயிற்று, இனி வேலைக்கு வந்தே ஆகவேண்டும் என்று அவருக்கு அறிவிக்கப்பட்டது. வேறு வழியில்லை என்று சமாதானம் கூறி, இந்நிகழ்ச்சியைத் தம் நூலிலேயே எழுதிவைத்திருக்கிறார் பிங்காம்.

பொருளியல் படித்தவன் என்ற முறையில் இந்த இரு நாணயங்களும் என்னைச் சிந்திக்க வைக்கின்றன. முதல் நாணயத்தை ஆர்தியாகா விரும்பிப் பெற்றார், அது ஒப்பந்தம். இரண்டாவது நாணயம் மறுக்க வழியில்லாதபடி கையில் திணிக்கப்பட்டது. அது கட்டாய உழைப்பு. வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இரண்டும் கூலியாகவே தோன்றும். மலைவாசியின் அறிவுக்கும் உழைப்புக்கும் அன்றாடக் கூலிக் கணக்கில் விலை வைக்கப்பட்டது. அவற்றிலிருந்து விளைந்த புகழும் அரும்பொருள்களும் அந்தக் கணக்கில் சேரவே இல்லை.

பிங்காம் அறியாத ஒரு முரணும் இங்கு நிகழ்ந்தது. எஸ்பிரிட்டு பம்பாவில் அவர் கண்ட சில இடிபாடுகளே அவர் தேடிவந்த கடைசித் தலைநகர். காடு மூடியிருந்ததால் அதன் பரப்பை அவர் உணரவில்லை. மச்சு பிச்சுதான் அந்தத் தலைநகர் என்று பின்னாளில் முடிவு செய்து, இறுதிவரை அதில் உறுதியாக நின்றார். அவர் மறைந்த பின், 1964-இல் ஜீன் சேவாய் என்பவர் எஸ்பிரிட்டு பம்பாவின் பெரும்பரப்பை வெளிக்கொணர்ந்த பிறகே உண்மை தெளிவாயிற்று. மச்சு பிச்சுவோ, பதினைந்தாம் நூற்றாண்டில் பச்சகூட்டி மன்னருக்காக எழுப்பப்பட்ட மலை மாளிகை என்பதே இன்றைய ஆய்வாளர்கள் பெரும்பாலோரின் கருத்து.

1912-இல் யேல் பல்கலைக்கழகமும் நேஷனல் ஜியாகிரபிக் சங்கமும் இணைந்து பிங்காமை மீண்டும் அனுப்பின. காடு வெட்டப்பட்டது, நூற்றுக்கும் மேற்பட்ட புதைகுழிகள் திறக்கப்பட்டன. எலும்புகளில் பெரும்பாலானவை பெண்களுடையவை என்று குழுவின் உடற்கூற்றறிஞர் முடிவு செய்ய, சூரியக் கடவுளின் கன்னியர் வாழ்ந்த இடம் என்ற கதையை பிங்காம் எழுப்பினார். பின்னாளைய மறு ஆய்வில் ஆண்களும் பெண்களும் ஏறக்குறைய சம அளவில் இருந்தது தெரியவந்தது. 1913 ஏப்ரலில் நேஷனல் ஜியாகிரபிக் இதழ் முழுவதும் அவருடைய பயணத்துக்கே ஒதுக்கப்பட்டது. பிங்காமின் புகழ் உலகெங்கும் பரவியது.

மட்கலங்களும் வெண்கலக் கருவிகளும் எலும்புகளும் அமெரிக்கா சென்றன. தேவைப்படும்போது அவற்றைத் திரும்பக் கேட்கும் உரிமையைப் பெரு அரசு தன்னிடமே வைத்துக்கொண்டது. 1914-15 பயணத்தின்போது, அரும்பொருள்களைக் கள்ளத்தனமாகக் கடத்துகிறார் என்ற குற்றச்சாட்டு குஸ்கோவில் எழுந்தது. அது மெய்ப்பிக்கப்படவில்லை. ஆனால், தம் முன்னோரின் பொருள் யாருடையது என்று குஸ்கோ அறிஞர்கள் அப்போது எழுப்பிய கேள்வி நிலைத்துவிட்டது. மனம் கசந்த பிங்காம் பெருவை விட்டு வெளியேறினார். இன்றைய நடைப்பாதையின் சில பகுதிகளை அவர் குழு கண்டது அந்தப் பயணத்தில்தான்.

அதன் பிறகு அவர் வாழ்க்கை வேறு பாதையில் சென்றது. முதல் உலகப் போரில் பிரான்சில் அமெரிக்க விமானிகளின் பயிற்சிப் பள்ளிக்குத் தலைமை வகித்தார். கனெக்டிகட் மாநில ஆளுநராகத் தேர்ந்தெடுக்கப்பட்டு, அடுத்து வந்த இடைத்தேர்தலில் செனட்டராகவும் வென்றதால், 1925-இல் ஒரே ஒரு நாள் ஆளுநராக இருந்துவிட்டு வாஷிங்டன் சென்றார். 1929-இல் இறக்குமதி வரி மசோதாவைப் பரிசீலித்தபோது, உற்பத்தியாளர் சங்கத்தின் ஊழியர் ஒருவரை செனட்டின் சம்பளப் பட்டியலில் சேர்த்து, குழுவின் மூடிய கூட்டங்களுக்கும் அழைத்துச் சென்றார். செனட் 54-22 என்ற வாக்கு வித்தியாசத்தில் அவரைக் கண்டித்தது. யாருடைய அறிவை யாருடைய நலனுக்குப் பயன்படுத்துவது என்ற கேள்வி ஆண்டிஸ் மலையிலிருந்து அவரை நாடாளுமன்றம் வரை பின்தொடர்ந்தது எனலாம். 1932 தேர்தலில் தோற்றார்.

1948-இல் இன்காக்களின் தொலைந்த நகரம் குறித்த அவருடைய நூல் வெளியாயிற்று. அதே ஆண்டில் பெரு அரசு அவரை அழைத்து, அவர் பெயரிலேயே அமைந்த மலைச்சாலையை அவர் முன்னிலையில் திறந்தது. 1956 ஜூன் 6 அன்று, தம் 80-ஆவது வயதில் வாஷிங்டனில் காலமானார். ஆர்லிங்டன் தேசியக் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார்.

பிங்காமை ஏமாற்றுக்காரர் என்று தள்ளிவிடுவது நியாயமாகாது. மலையின் மேல் இடிபாடுகள் இருப்பதைப் பலர் அறிந்திருந்தனர். அவற்றை அளந்து, வரைந்து, ஆயிரக்கணக்கில் படமெடுத்து, உலகின் அறிவுக்குரியதாக ஆக்கியவர் அவரே. அது பெரும் பணி. ஆனால், அறிவதும் அறிவிப்பதும் வேறுவேறு. அறிவித்தவரையே கண்டுபிடித்தவர் என்று வரலாறு எழுதியபோது, அறிந்திருந்தவர்கள் அதிலிருந்து விடுபட்டுப் போனார்கள்.

அந்தக் கணக்கு இப்போது மெல்லத் திருத்தப்பட்டு வருகிறது. பெரு 2008-இல் வழக்குத் தொடுத்தது. 2010-இல் உடன்பாடு ஏற்பட்டு, யேல் பல்கலைக்கழகத்திடமிருந்த பொருள்கள் 2011, 2012 ஆண்டுகளில் தாயகம் திரும்பின. குஸ்கோவின் காசா கொன்ச்சா அருங்காட்சியகத்தில் அவற்றை இன்று காணலாம்.

மலைப்பாதையில் சுமை தூக்குவோருக்காக 2001-இல் பெரு தனிச் சட்டம் இயற்றியது. ஒருவர் தூக்கும் சுமை 20 கிலோவைத் தாண்டக் கூடாது என்று அது வரையறுத்தது. நியாயமான கூலியையும் வலியுறுத்தியது. ஆயினும் சுமையும் கூலியும் பற்றிய குறைகள் ஓய்ந்தபாடில்லை.

மச்சு பிச்சுவைக் காணச் செல்லும் வாய்ப்பு நம்மில் சிலருக்குக் கிடைக்கலாம். செல்வோர், சூரிய வாயிலில் நின்று அந்நகரை வியக்கும் முன், தமக்கு முன்னே கூடாரத்தைச் சுமந்து வந்தவரின் பெயரைக் கேட்டு அறிந்துகொள்வது நல்லது. அவருக்குச் சேரவேண்டியது முழுமையாகச் சேர்கிறதா என்பதையும், பயணத்துக்குப் பதிவு செய்யும்போதே விசாரித்துவிடலாம். 1911-இல் செலுத்தாமல் விட்ட கடனில், நம் பங்குக்குத் தீர்க்கக்கூடியது அவ்வளவேனும் உண்டு.