முறுக்கு விற்ற பையன் கலைவாணர் ஆனார்

நாகர்கோவிலில் ஒரு நாடகக் கொட்டகை. அங்கே முறுக்கும் சோடாவும் விற்றுக்கொண்டிருந்தான் ஒரு பையன். கை விற்பனையில் இருக்கும். கண் மேடையில் இருக்கும்.

அந்தப் பையன்தான் பிற்காலத்தில் தமிழ்நாட்டையே வயிறு குலுங்கச் சிரிக்க வைத்த கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன்.

நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் 1908-ம் ஆண்டு நவம்பர் 29-ந் தேதி அவர் பிறந்தார். தந்தை சுடலைமுத்து பிள்ளை. தாய் இசக்கியம்மாள். வீட்டில் வறுமை. பள்ளிப் படிப்பு சில வகுப்புகளோடு நின்றுபோயிற்று. வில்லுப்பாட்டில் பழகினார். பிறகு டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்தார்.

1936-ல் சதி லீலாவதி படம் வெளிவந்தது. எம்.ஜி.ஆர். முதன்முதலாக நடித்த படமும் அதுதான். அதில் கிருஷ்ணன் தம்முடைய சிரிப்புக் காட்சிகளைத் தாமே எழுதிக்கொண்டார். அடி, உதை என்று சிரிப்பு மூட்டிய காலம் அது. கிருஷ்ணனோ பேச்சாலேயே சிரிக்க வைத்தார். சிரித்தவர்கள் வீட்டுக்குப் போய் யோசித்தார்கள்.

வசந்தசேனா படத்துக்காகப் புனா போனபோது நடிகை டி.ஏ.மதுரத்தைச் சந்தித்தார். பின்னர் இருவரும் மணம் செய்துகொண்டார்கள். படத்தில் கிருஷ்ணன் ஒன்று சொன்னால், மதுரம் இரண்டு சொல்லி மடக்குவார். ஜனங்களுக்கு அது கொண்டாட்டம்.

சிறைவாசம்

புகழின் உச்சியில் இருந்தபோது இடி விழுந்தது.

லட்சுமிகாந்தன் என்பவர் இந்துநேசன் என்ற பத்திரிகை நடத்திவந்தார். நடிகர், நடிகைகளைத் தாறுமாறாக எழுதுவதே அதன் வேலை. 1944-ம் ஆண்டு நவம்பர் 8-ந் தேதி, சென்னை வேப்பேரியில் ரிக்ஷாவில் சென்ற அவரைச் சிலர் கத்தியால் குத்தினார்கள். மறுநாள் அவர் இறந்துபோனார்.

இந்தக் கொலைச் சதியில் பங்கு உண்டு என்று எம்.கே.தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் கைது செய்யப்பட்டார்கள். 1945-ல் இருவருக்கும் ஆயுள் தண்டனை! ஐகோர்ட்டில் அப்பீல் செய்தும் பலன் இல்லை.

மதுரம் அழுதுகொண்டு உட்கார்ந்துவிடவில்லை. கணவர் பெயரில் நாடக சபை தொடங்கினார். எஸ்.வி.சகஸ்ரநாமம் அதை முன்னின்று நடத்தினார். பைத்தியக்காரன் என்ற படத்தையும் எடுத்தார்கள். வழக்குச் செலவுக்குப் பணம் வேண்டுமே!

வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போயிற்று. மறுபடி விசாரிக்கும்படி உத்தரவு வந்தது. வக்கீல் எத்திராஜ் வாதாடினார். 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர்கள் என்று விடுதலை ஆனார்கள்.

வெளியே வந்த பாகவதருக்குப் பழைய வெற்றி திரும்பக் கிடைக்கவில்லை. கிருஷ்ணனைப் பார்த்து மக்கள் மறுபடியும் சிரித்தார்கள். நாடகத் தந்தை பம்மல் சம்பந்த முதலியார் அவருக்குக் கலைவாணர் என்ற பட்டத்தை அளித்தார்.

கிந்தனார்

1949-ல் அறிஞர் அண்ணா எழுதிய நல்லதம்பி படத்தில் நடித்தார். கிந்தனார் காலட்சேபம் அந்தப் படத்தில்தான் வருகிறது. நந்தனார் சிதம்பரம் போனார். இந்தக் கிந்தனோ பட்டணத்துக்கு ரயில் ஏறிப் போய்ப் படிக்கிறான். சேரியில் பிறந்த பிள்ளை எழுத்துக் கற்று உயர்கிறான். பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவர், படிப்பின் அருமையை ஊர் ஊராகச் சொன்னார்! சிரித்துக்கொண்டே கேட்டது ஜனம்.

கேட்டவர்க்கு இல்லை என்று சொல்லத் தெரியாதவர் அவர். நோயில் படுத்திருந்தபோது எம்.ஜி.ஆர். பணம் கொண்டுவந்து வைத்தாராம். அதைச் சில்லறையாக மாற்றித் தரும்படி கேட்டாராம் கிருஷ்ணன். ஆஸ்பத்திரிச் சிப்பந்திகளுக்குக் கொடுப்பதற்கு! இப்படிச் செய்தவரிடம் காசு எப்படித் தங்கும்?

1957 தேர்தலில் நம் காஞ்சிபுரத்தில் அண்ணா நின்றார். எதிர்த்து நின்றவர் ஒரு டாக்டர். அண்ணாவுக்காகப் பேச வந்த கிருஷ்ணன், அந்த டாக்டரின் கைராசியைப் புகழ்ந்து தள்ளினாராம். கூட்டம் திகைத்தது. கடைசியில், இவ்வளவு நல்ல டாக்டரைச் சட்டசபைக்கு அனுப்பிவிட்டால் உங்களுக்கு யார் வைத்தியம் பார்ப்பது என்று கேட்டாராம். அண்ணா ஜெயித்தார்.

அதே ஆண்டு ஆகஸ்டு 30-ந் தேதி கலைவாணர் காலமானார். வயது 48.

1969-ம் ஆண்டு பொங்கல் நாளில், சென்னை தியாகராய நகரில் அவர் சிலையை முதல்-அமைச்சர் அண்ணா திறந்து வைத்தார். அப்போது அண்ணாவுக்கு உடல்நலம் மிகவும் குன்றியிருந்தது. அதுவே அவர் கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி.