பேச்சின் இருப்பிடம் கண்ட பேரறிஞர் பால் புரோக்கா

மக்களை ஏனை உயிர்களினின்றும் பிரித்துக் காட்டும் பண்புகளுள் தலையாயது பேச்சு. பிறந்த ஊரை விட்டுப் பன்னூறு கல் தொலைவு வந்து வாழும் நமக்கு அதன் அருமையை எவரும் எடுத்துரைக்க வேண்டுவதில்லை. காலனியின் அடுத்த வீட்டில் தமிழ்க்குரல் கேட்டால் போதும், நம் உள்ளம் குளிர்ந்துவிடும். ஆயினும் அப்பேச்சு நம் உடம்பில் எங்கிருந்து பிறக்கின்றது என்று நம்மில் எத்தனை பேர் எண்ணிப் பார்த்திருக்கின்றோம்? அதனைத் தேடிக் கண்ட பிரெஞ்சு மருத்துவர் ஒருவரின் வரலாற்றை இம்மலரில் சுருங்கக் கூற விழைகின்றோம்.

பால் புரோக்கா 1824 ஆம் ஆண்டு ஜூன் 28 ஆம் நாள், பிரான்சு நாட்டில் போர்தோ நகருக்குக் கிழக்கே, தொர்தோன் ஆற்றங்கரையிலுள்ள ஒரு சிற்றூரில் பிறந்தார். தந்தையார் மருத்துவர். இளமையிலேயே கணக்கிலும் அறிவியலிலும் சிறந்து விளங்கிய புரோக்கா, பதினேழாம் வயதில் பாரிசு நகர மருத்துவக் கல்லூரியிற் சேர்ந்தார். 1849 இல் மருத்துவப் பேரறிஞர் பட்டம் பெற்றார். அறுவை மருத்துவராகப் புகழ் பெற்ற அவர், 1859 இல் பாரிசு மானிடவியற் கழகத்தை நிறுவினார். மனிதனைப் பற்றி ஆராய்வோர் அரசையும் சமயத்தையும் பழிப்பர் என்று அஞ்சிய அந்நாளைய அரசு, கழகக் கூட்டங்களுக்குக் காவல்துறையினர் ஒருவரை அனுப்பிக் கண்காணித்தது.

அக்கழகத்தில் 1861 ஆம் ஆண்டு ஒரு பெருஞ்சொற்போர் நிகழ்ந்தது. மூளை முழுதும் ஒன்றாகவே பணியாற்றுகின்றது என்றனர் ஒரு சாரார். ஒவ்வொரு பணிக்கும் தனித்தனி இடம் உண்டு, பேச்சின் இடம் மூளையின் முன்புறம் என்றனர் மற்றொரு சாரார். இருசாராரும் வாதிட்டனரேயன்றி, ஐயமறக் காட்டத்தக்க சான்று எவரிடமும் இல்லை.

அவ்வேளையில், ஏப்ரல் 11 ஆம் நாள், பாரிசின் அருகேயுள்ள பிசேத்ர் மருத்துவமனையில் புரோக்காவின் பொறுப்புக்கு ஒரு நோயாளர் வந்தார். அவர் பெயர் லெபோர்ன், வயது 51. காலணி செய்வோருக்குரிய மரவச்சுக்களைச் செதுக்குவது அவர் தொழிலாயிருந்தது. முப்பதாம் வயதில் பேச்சிழந்து, 21 ஆண்டுகள் அம்மருத்துவமனையிலேயே கழித்தவர். எதைக் கேட்டாலும் டான், டான் என்பதே அவர் விடை. அதனால் அனைவரும் அவரை அப்பெயராலேயே அழைத்தனர். பின்னர் வலக்கையும் வலக்காலும் செயலிழந்தன. இப்போது அக்கால் அழுகத் தொடங்கியிருந்தது.

புரோக்காவின் பெருமை இங்கேதான் விளங்குகின்றது. காலுக்கு மருத்துவம் பார்ப்பதோடு அவர் அமையவில்லை. சொல்லற்ற அம்மனிதரிடம் அமர்ந்து வினவலானார். எத்தனை ஆண்டுகளாக இங்கே இருக்கின்றீர் என்று கேட்டார். லெபோர்ன் இடக்கையின் ஐந்து விரல்களையும் நான்கு முறை விரித்துக் காட்டிப் பின் ஒரு விரலை மட்டும் நீட்டினார். இருபத்தொன்று! கணக்குப் பிழையின்றி இருந்தது. மறுநாள் கேட்டபோதும் அதே விடை. மூன்றாம் முறையும் கேட்கவே, தம்மைச் சோதிக்கின்றனர் என்றுணர்ந்து சினந்தார். அச்சினத்தில் ஒரு வசைமொழி மட்டும் அவர் வாயினின்றும் முழுமையாக வெளிவந்தது. கடிகாரம் பார்த்து நேரமும் அறிந்து காட்டினார். நாவும் உதடும் நன்கு அசைந்தன, செவி கேட்டது, அறிவும் பெரும்பாலும் இருந்தது. அறிந்ததைச் சொல்லாக்கும் ஆற்றல் ஒன்றே அற்றுப்போயிருந்தது.

ஏப்ரல் 17 ஆம் நாள் லெபோர்ன் இறந்தார். மறுநாளே புரோக்கா அவர் மூளையைக் கழகத்தின்முன் வைத்தார். இடப்பக்க முன்மடலில் கோழிமுட்டை அளவான பள்ளம் காணப்பட்டது. அவ்வாண்டிலேயே, சில சொற்களன்றி வேறு பேசவியலாத லெலோங் என்ற 84 வயது முதியவரின் மூளையிலும் ஏறத்தாழ அதே இடம் சிதைந்திருந்தது. மேலும் பல நோயாளரை ஆராய்ந்து, 1865 இல், பேச்சை ஆள்வது மூளையின் இடப்பாதியே என்று அவர் விளக்கினார். உடலின் வலப்பக்கத்தை இயக்குவதும் இடப்பாதியே. ஆதலின் வலப்பக்கம் வாதத்தால் விழும்போது பேச்சும் உடன் போவது பெரும்பான்மை. வலப்பாதியும் பொறுமையான பயிற்சியாற் பேச்சுப் பணியை ஓரளவு ஏற்கக்கூடும் என்று அவர் கருதியது இந்நாளிலும் போற்றத்தக்கது.

1874 இல் செருமானிய மருத்துவர் கார்ல் வெர்னிக்கே இதனை மேலும் விரித்தார். செவிக்கு அண்மையிலுள்ள பகுதி சிதைந்தால், நோயாளர் தடையின்றிப் பேசுவார். ஆயினும் பொருள் இராது. பிறர் கூறுவதும் விளங்காது. கேட்கும் இடத்தையும் பேசும் இடத்தையும் நரம்பிழைகள் இணைக்கின்றன. இரு நிலையங்களும் செவ்வையாயிருந்தும் இடையே தண்டவாளம் பெயர்ந்தால் வண்டி செல்லாதன்றோ? அதுபோலவே, அவ்விழைகள் அறுபடின் கேட்ட சொல்லைத் திருப்பிக் கூற இயலாது போகும். லெபோர்னின் மூளையைப் புரோக்கா துண்டாடாது காத்து வைத்தமையால், 2007 இல் அறிஞர்கள் அதனை எம்.ஆர்.ஐ. கருவியால் ஆராய்ந்து, சிதைவு அவர் கண்டதினும் ஆழமாய்ச் சென்றிருந்ததை அறிந்தனர். பேச்சு ஓரிடத்தின் தனிச்சொத்தன்று. பல இடங்களின் கூட்டுப்பணி என்பதே இன்றைய முடிபு.

புரோக்காவிடம் குறையும் உண்டு. மண்டையோடுகளையும் மூளைகளையும் அளந்து, அளவு கொண்டு இனங்களுக்கும் ஆண் பெண்களுக்கும் உயர்வு தாழ்வு கற்பித்தார். அக்கருத்து பொய்யென்று பின்வந்தோர் மெய்ப்பித்துவிட்டனர். நோயாளர் ஒருவரை உற்றுநோக்கி உண்மை கண்டவர், மக்கட்கூட்டங்களை அளவுகோலால் மதிப்பிட முனைந்தபோது வழுவினார். 1880 இல் பிரெஞ்சு மேலவை உறுப்பினராகி, அவ்வாண்டு ஜூலை 9 ஆம் நாள் தம் 56 ஆம் வயதில் மறைந்தார். பேச்சுக்குரிய மூளைப்பகுதி இன்றும் அவர் பெயரையே தாங்கி நிற்கின்றது.

இவ்வரலாறு நம் குடும்பங்களுக்கு உரைப்பது யாது? காலனியில் நம்முடன் வாழும் தாய்தந்தையர் முதியோராயினர். திடீரென ஒருவருக்கு வாய் கோணினாலோ, நாக்குழறினாலோ, பேச்சு நின்றாலோ, நாளை பார்ப்போம் என்றிராது அக்கணமே மருத்துவமனைக்குக் கொண்டு செல்லல் வேண்டும். குருதிக்கட்டி அடைத்ததாயின், அதனைக் கரைக்கும் மருந்து முதல் நாலரை மணி நேரத்திற்குள் தரப்பட வேண்டும். அங்கே மருத்துவர் இந்தியிலோ ஆங்கிலத்திலோ வினவுவார். தமிழ் மட்டுமே அறிந்த பாட்டியார் விடை கூறாதிருப்பது நோயாலா, மொழி அறியாமையாலா? உடன் ஒரு தமிழர் நின்று தமிழிற் கேட்டாலன்றி அது விளங்காது. பன்மொழி அறிந்தோருக்கும் ஒரு மொழி முந்தியும் மற்றொன்று பிந்தியும் மீள்வதுண்டு. ஆகவே பேச்சிழந்தாரைத் தமிழிலும் பயிற்றுதல் நன்று.

அனைத்தினும் மேலாக, சொல்லிழந்தாரை அறிவிழந்தாராகக் கருதி, அவர் முன்னிலையிலேயே அவரைப்பற்றி மனம்போனவாறு பேசுதல் தகாது. லெபோர்னின் விரல்கள் இருபத்தொன்று என்று எண்ணிக் காட்டியதை நினைவிற் கொள்வோம். அருகமர்ந்து, மெல்லப் பேசி, விடைக்குக் காத்திருப்போம். அதுவே புரோக்கா பெருமகனாருக்கு நாம் செலுத்தும் நன்றியாகும்.