ஒற்றைக் காலில் நின்ற நடிகை

யாராவது பிடிவாதம் பிடித்தால், 'ஒற்றைக் காலில் நிற்கிறான்' என்று வீட்டில் பெரியவர்கள் சொல்வார்கள் இல்லையா? நிஜமாகவே ஒற்றைக் காலோடு, அதுவும் 70 வயதுக்கு மேல், மேடையிலும் திரைப்படத்திலும் நடித்த ஒருவர் இருந்தார். அவர் பெயர் சாரா பெர்ன்ஹார்ட். பிரான்ஸ் நாட்டுக்காரர். கப்பலிலும் ரயிலிலும் உலகைச் சுற்றி வந்து நடித்தவர். சினிமா தவழும் குழந்தையாக இருந்த காலத்திலேயே துணிந்து கேமரா முன்னால் நின்றவர். அவருடைய கதையைத்தான் இந்த வாரம் படிக்கப் போகிறோம்.

நோஞ்சான் சிறுமி

1844-ம் ஆண்டு அக்டோபர் மாதம் பாரிஸ் நகரில் பிறந்தாள் சாரா. எந்தத் தேதி என்பதில் மட்டும் குழப்பம் உண்டு. காரணம், பிறப்புப் பதிவேடுகள் இருந்த பாரிஸ் நகர மன்றக் கட்டடம் 1871-ல் நடந்த கலவரத்தில் எரிந்துபோனது.

அப்பா உடன் இல்லை. அம்மாவோ அடிக்கடி வெளியூர் போய்விடுவார். அதனால் கைக்குழந்தையாக இருந்தபோதே பிரிட்டனி என்ற கடலோரப் பகுதியில் ஒரு செவிலித்தாயிடம் சாராவை விட்டுவிட்டார்கள். அங்கே பேசும் மொழி பிரெட்டன். பிற்காலத்தில் தன் பிரெஞ்சுப் பேச்சால் உலகையே மயக்கியவர், மழலையில் பேசியது பிரெஞ்சு அல்ல என்பது ஆச்சரியம்தானே!

சாராவின் உடம்பு மிகவும் மெலிந்தது. அடிக்கடி காய்ச்சல், இருமல். இந்தக் குழந்தை நீண்ட நாள் வாழாது என்றே வீட்டில் பயந்தார்கள். ஆனால் பிடிவாதத்துக்கு மட்டும் குறைவில்லை. ஒன்பது வயதில், யாராலும் தாண்ட முடியாத ஒரு பள்ளத்தைத் தாண்டிக் காட்டும்படி உறவுக்காரப் பையன் சவால் விட்டான். சாரா தாண்டினாள், விழுந்தாள். முகத்தில் காயம், மணிக்கட்டில் எலும்பு முறிவு. அவளைத் தூக்கிக்கொண்டு ஓடியபோதும், மறுபடியும் தாண்டுவேன் என்றே கத்தினாளாம். இதைத் தன் சுயசரிதையில் அவரே எழுதியிருக்கிறார்.

அன்று அவள் வாயில் வந்த பிரெஞ்சுச் சொல் 'கான் மெம்'. 'என்ன ஆனாலும் சரி' என்று பொருள். அதையே வாழ்நாள் முழுவதும் தன் கொள்கைச் சொல்லாக வைத்துக்கொண்டார். கடிதத் தாளில்கூட அதை அச்சிட்டார்.

கேலி செய்த கூட்டம்

வெர்சாய் நகரில் கன்னியாஸ்திரீகள் நடத்திய பள்ளியில் படித்த சாராவுக்கு, தானும் ஒரு கன்னியாஸ்திரீ ஆக வேண்டும் என்றே ஆசை. ஆனால் குடும்ப நண்பரான ஒரு பெரிய பிரபு, இந்தப் பெண்ணை நடிப்புப் பள்ளியில் சேர்க்கலாம் என்று யோசனை சொன்னார். வீட்டார் ஒப்புக்கொண்டார்கள்.

1860-ல் பாரிஸ் நடிப்புப் பள்ளியில் நுழைவுத் தேர்வு. மற்றவர்கள் கூட ஒரு துணை நடிகரை அழைத்து வந்து நாடகக் காட்சி நடித்தார்கள். சாராவுக்குத் துணை இல்லை. அதனால் இரண்டு புறாக்களைப் பற்றிய ஒரு நீதிக்கதைப் பாடலைத் தனியாகச் சொன்னாள். அந்தக் குரலைக் கேட்டதும் தேர்வாளர்கள் இடம் கொடுத்துவிட்டார்கள்.

1862-ல் பிரான்சின் மிகப் பெரிய நாடக நிறுவனமான 'கொமெடி பிரான்சேஸ்' மேடையில் முதன்முதலாக நடித்தார் சாரா. பயத்தில் வசனங்களை வேகவேகமாக ஒப்பித்தார். மெலிந்த நீண்ட கைகளை உயர்த்தியபோது பார்வையாளர்கள் சிரித்துவிட்டார்கள். விமர்சகர்களும் பாராட்டவில்லை.

அடுத்த ஆண்டே இன்னொரு வம்பு. ஒரு விழாவில் சாராவின் குட்டித் தங்கை, மூத்த நடிகை ஒருவரின் நீண்ட உடையைத் தெரியாமல் மிதித்துவிட்டாள். அவர் கோபத்தில் தள்ளிவிட, குழந்தைக்கு அடிபட்டு ரத்தம் வந்தது. ஆத்திரத்தில் சாரா அந்த நடிகையை அறைந்துவிட்டார். மன்னிப்புக் கேட்கச் சொன்னார்கள். மறுத்தார். வேலை போனது.

அறைந்தது தவறுதான். அதற்கு அவர் கொடுத்த விலையும் பெரியது. அத்தனை பெரிய மேடைக்குத் திரும்பிவர அவருக்கு ஒன்பது ஆண்டுகள் ஆயின. 1864-ல் மகன் மோரிஸ் பிறந்தான். அவனை வளர்க்கும் பொறுப்பும் சாராவின் தலையில்தான்.

நாடகக் கொட்டகையில் மருத்துவமனை

1866-ல் பாரிசில் உள்ள 'ஓதியோன்' நாடகக் கொட்டகையில் வேலை கிடைத்தது. சின்னச் சின்ன வேடங்களில் தொடங்கி, 1869-ல் ஒரு நாடகத்தில் இளம் பாடகனாக, அதாவது ஆண் வேடத்தில் நடித்துப் புகழ் பெற்றார்.

அப்போது பார்த்துப் போர் வந்தது! 1870-ல் ஜெர்மானியப் படைகள் பாரிசை முற்றுகையிட்டன. நாடகங்கள் நின்றுபோயின. சாரா சும்மா இருக்கவில்லை. ஓதியோன் கொட்டகையையே காயமடைந்த வீரர்களுக்கான மருத்துவமனையாக மாற்றினார். அதிகாரிகளிடம் போய் உணவுப் பொருட்கள் கேட்டார். ஓர் உயர் அதிகாரி அணிந்திருந்த குளிர்ச் சட்டையையும் வீரர்களுக்காக வாங்கி வந்துவிட்டார்! கடுங்குளிரில் நிலக்கரி தீர்ந்தபோது, நாடகத்தின் பழைய காட்சி அமைப்புப் பலகைகளையும் பெஞ்சுகளையும் உடைத்து அடுப்பெரித்தார்.

1872-ல் எழுத்தாளர் விக்டர் ஹியூகோவின் நாடகத்தில் ராணியாக நடித்தார். பாரிஸ் நகரமே கொண்டாடியது. 'தங்கக் குரல்' என்ற பட்டப்பெயர் அவருக்கு நிலைத்தது. வேலையை விட்டு அனுப்பிய அதே கொமெடி பிரான்சேஸ் அவரைத் திரும்ப அழைத்துக்கொண்டது.

வானில் பறந்த நாற்காலி

சாராவுக்கு நடிப்பு மட்டும் போதவில்லை. சிற்பம் செதுக்கினார். 1876-ல் பாரிஸ் கண்காட்சியில் அவர் சிற்பத்துக்குப் பாராட்டும் கிடைத்தது. 1878-ல் ராட்சத பலூனில் ஏறி வானில் பறந்தார். அனுமதி இல்லாமல் பறந்ததற்காக நாடக நிறுவனம் 1,000 பிராங்க் அபராதம் விதித்தது! அந்தப் பயணத்தை அவர் ஒரு புத்தகமாகவும் எழுதினார். அதில் கதை சொல்வது யார் தெரியுமா? பலூனில் இருந்த ஒரு நாற்காலி!

1879-ல் இங்கிலாந்துக்கு நடிக்கப் போனவர், லிவர்பூல் நகரில் ஒரு சிவிங்கிப் புலியையும் சில பச்சோந்திகளையும் கொண்டு வந்தார். பாவம், உடன் இருந்தவர்கள்!

1880-ல் கொமெடி பிரான்சேசிலிருந்து விலகி, சொந்தக் குழு தொடங்கினார். ஒப்பந்தத்தை மீறியதால் ஒரு லட்சம் பிராங்க் தரவேண்டும் என்று தீர்ப்பு வந்தது. அவரோ அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறினார். அவர் பேசியது பிரெஞ்சு. பார்த்தவர்களில் பலருக்கு அது புரியாது. இருந்தும் கூட்டம் அலைமோதியது. பிறகு ஆஸ்திரேலியா, தென் அமெரிக்கா என்று பல நாடுகளுக்குப் போனார். 1906-ல் அமெரிக்காவின் டெக்சாஸ் பகுதியில், நாடக அரங்குகளைக் கையில் வைத்திருந்த முதலாளிகள் இடம் தர மறுத்தார்கள். அதற்காகச் சாரா ஊர் திரும்பவில்லை. சர்க்கஸ் போலப் பெரிய கூடாரம் போட்டு நடித்தார்.

குரல் இல்லாத சினிமா

இதற்கிடையே உலகில் ஒரு புது அதிசயம் வந்துவிட்டது. அதுதான் சினிமா. 1895-ல் பாரிசில் முதன்முதலாகக் காசு வாங்கிப் படம் காட்டினார்கள். அப்போதைய படங்கள் பேசாது. படம் மட்டும் அசையும், அவ்வளவுதான்.

இங்கேதான் சிக்கல். சாராவின் மிகப் பெரிய சொத்தே அவருடைய குரல். அந்தக் குரலை எடுத்துவிட்டால் என்ன மிஞ்சும்? மேலும், பெரிய நாடக நடிகர்கள் பலர் சினிமாவை அப்போது திருவிழா வேடிக்கையாகத்தான் நினைத்தார்கள். ஆனாலும் சாரா துணிந்தார். 1900-ல் நடந்த பாரிஸ் உலகப் பொருட்காட்சிக்காக, ஷேக்ஸ்பியரின் 'ஹாம்லெட்' நாடகத்தின் வாள் சண்டைக் காட்சியில் நடித்தார். படம் இரண்டு நிமிடம்கூட ஓடாது. இளவரசன் ஹாம்லெட்டாக நடித்தது 55 வயதுப் பெண்ணான சாரா!

1908-ல் எடுத்த 'டோஸ்கா' படம் அவருக்குப் பிடிக்கவில்லை. வெளியிடவும் சம்மதிக்கவில்லை. அத்தோடு சினிமாவே வேண்டாம் என்று ஒதுங்கினாரா? இல்லை. 1912-ல் இங்கிலாந்து ராணி எலிசபெத்தாக ஒரு படத்தில் நடித்தார். அதற்கு முன் அதே கதை நாடகமாகத் தோல்வி அடைந்திருந்தது.

அந்தக் காலத்தில் அமெரிக்காவில் பெரும்பாலான படங்கள் கால் மணி நேரம்தான் ஓடும். நீளமான படத்தை யாரும் உட்கார்ந்து பார்க்கமாட்டார்கள் என்று பலர் நம்பினார்கள். சாராவின் படமோ ஏறத்தாழ முக்கால் மணி நேரம். அடால்ஃப் சூகர் என்பவர் அதை வாங்கி, நியூயார்க்கில் பெரிய நாடக அரங்கு ஒன்றிலேயே திரையிட்டார். சாராவின் பெயரைக் கேட்டு, அதுவரை சினிமாப் பக்கம் வராதவர்களும் வந்தார்கள். படத்தின் முடிவில், இறந்துபோன ராணி எழுந்து வந்து, மேடையில் செய்வது போலவே பார்வையாளர்களுக்குத் தலை வணங்குவார்! அந்தச் சூகர் தொடங்கிய நிறுவனம்தான் பின்னாளில் 'பாரமவுண்ட்' என்ற பெரிய ஹாலிவுட் நிறுவனமாக வளர்ந்தது.

கால் போனது, மேடை போகவில்லை

'டோஸ்கா' நாடகத்தின் கடைசிக் காட்சியில் கதாநாயகி கோட்டைச் சுவரிலிருந்து குதிக்க வேண்டும். 1905-ல் பிரேசிலின் ரியோ டி ஜெனிரோ நகரில் அப்படிக் குதித்தபோது சாராவின் வலது முழங்காலில் பலத்த அடி. அந்த வலி தீரவே இல்லை. ஆண்டுக்கு ஆண்டு மோசமாகி, நடக்கவே முடியாமல் போனது. கடைசியில் 1915-ம் ஆண்டு பிப்ரவரி 22 அன்று போர்டோ நகர மருத்துவமனையில் அவரது வலது கால் நீக்கப்பட்டது. அப்போது அவருக்கு வயது 70.

இனி அவர் நடிக்கமாட்டார் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அவர் மரக்கால் வேண்டாம் என்றார். பல்லக்கு போன்ற ஒரு நாற்காலி செய்து, இரண்டு பேர் தூக்கிச் செல்ல ஏற்பாடு செய்துகொண்டார். அதே ஆண்டு நவம்பரிலேயே பாரிசில் மேடைக்கு வந்துவிட்டார்! உட்கார்ந்தபடியே நடித்தார், குரலால் அரங்கை நிறைத்தார்.

அது முதல் உலகப் போர்க் காலம். 1916-ல் போர்முனைக்கே போய் வீரர்கள் முன் கவிதைகள் சொன்னார். அதே ஆண்டு மீண்டும் அமெரிக்கப் பயணம். 1917-ல் போரைப் பற்றிய ஒரு படமும் வெளிவந்தது.

கடைசிக் காட்சி

1923-ல் இன்னொரு படத்தில் நடிக்க ஒப்புக்கொண்டார். வயது 78. வீட்டை விட்டு வெளியே போக உடம்பில் வலு இல்லை. அதனால் விளக்குகளையும் கேமராவையும் பாரிசில் இருந்த அவர் வீட்டுக்கே கொண்டு வந்தார்கள். கண் கூசும் வெளிச்சத்தில் உட்கார்ந்து நடித்தார். ஆனால் படம் முடியும்வரை உயிர் காத்திருக்கவில்லை. 1923-ம் ஆண்டு மார்ச் 26 அன்று மகன் மோரிசின் கைகளில் சாய்ந்தபடி கண் மூடினார். பெருந்திரளான மக்கள் தெருக்களில் நின்று விடைகொடுத்தார்கள்.

அவர் மறைந்த பிறகும் ஒரு சோதனை வந்தது. 1899 முதல் அவர் நடத்திவந்த நாடக அரங்குக்கு 'சாரா பெர்ன்ஹார்ட் அரங்கம்' என்று பெயர். இரண்டாம் உலகப் போரில் ஹிட்லரின் படைகள் பாரிசைப் பிடித்தபோது, சாராவின் தாய் யூத குலத்தவர் என்ற ஒரே காரணத்துக்காக அந்தப் பெயரை நீக்கிவிட்டார்கள். போர் முடிந்ததும் பெயர் திரும்ப வந்தது. பின்னர் அரங்கம் வேறு பெயருக்கு மாறியது. 2023-ல், அவர் இறந்து சரியாக 100 ஆண்டுகள் ஆனபோது, அந்த அரங்கத்தின் பெயரோடு சாராவின் பெயர் மறுபடியும் சேர்க்கப்பட்டது.

அவருடைய படங்களில் சில இன்றும் பத்திரமாக இருக்கின்றன. பழைய ஒலிப்பதிவுக் கருவிகளில் பதிவான அவரது குரலும் இருக்கிறது. கரகரவென்ற இரைச்சலுக்கு நடுவே அந்தத் தங்கக் குரல் கேட்கிறது.

பள்ளத்தைத் தாண்டி விழுந்த ஒன்பது வயதுச் சிறுமிக்கு மணிக்கட்டு முறிந்தது. எழுபது வயதில் காலே போனது. இரண்டு தடவையும் அவர் சொன்னது ஒன்றுதான் குட்டீஸ்: என்ன ஆனாலும் சரி!