காட்டைக் காணாமல் காட்டை எழுதியவர் - ரட்யார்ட் கிப்ளிங்

ஓநாய்கள் வளர்த்த மோக்ளி, பாலு என்னும் கரடி, பகீரா என்னும் கருஞ்சிறுத்தை, ஷேர்கான் என்னும் புலி - இவர்களை அறியாத சிறுவர்கள் குறைவு. திரைப்படமாகவும், கார்ட்டூனாகவும், படக்கதையாகவும் இவர்கள் வீடு தேடி வந்துவிட்டார்கள். ஆனால் இவர்களைப் படைத்த ரட்யார்ட் கிப்ளிங்கின் வாழ்க்கை அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. அறிந்தவர்களும் ஏகாதிபத்தியத்தைப் பாடிய கவிஞர் என்று ஒதுக்கிவிடுவதுண்டு. அந்தக் குற்றச்சாட்டு பொய்யல்ல. எனினும் ஜங்கிள் புக்கின் கானகம் எங்கிருந்து வந்தது என்று தேடிப் போனால், பெற்றோரைப் பிரிந்து தவித்த ஒரு சிறுவனிடம்தான் போய்ச் சேருகிறோம்.

கிப்ளிங் 1865 டிசம்பர் 30 அன்று பம்பாயில் பிறந்தார். தந்தை ஜான் லாக்வுட் கிப்ளிங் அங்கிருந்த ஜே.ஜே. கலைப்பள்ளியில் சிற்பக்கலை ஆசிரியர். தாய் ஆலிஸ். பெற்றோர் பழகிய காலத்தில் சென்று வந்த இங்கிலாந்து ஏரி ஒன்றின் பெயரே ரட்யார்ட். குழந்தையைக் கவனித்துக்கொள்ள கோவாவைச் சேர்ந்த ஆயாவும், மீதா என்ற பணியாளரும் இருந்தார்கள். அவர்கள் சொன்ன கதைகளும் பாடிய பாட்டுகளும் இந்துஸ்தானியில். அப்பா அம்மாவைப் பார்க்கப் போகும்போது ஆங்கிலத்தில் பேச வேண்டும் என்று சிறுவனுக்கு நினைவூட்டி அனுப்புவார்களாம்.

1871இல் அந்த வாழ்க்கை திடீரென்று முடிந்தது. வெயிலும் நோயும் பிள்ளைகளைக் கொண்டுபோய்விடும் என்ற அச்சத்தில், இந்தியாவில் இருந்த ஆங்கிலேயர்கள் குழந்தைகளைத் தாய்நாட்டுக்கு அனுப்பிவிடுவது அக்கால வழக்கம். ஐந்து வயது ரட்யார்டும் மூன்று வயதுத் தங்கையும் இங்கிலாந்தின் சவுத்சீ நகரில், பணம் பெற்றுக்கொண்டு பிள்ளைகளை வைத்துக்கொள்ளும் ஒரு குடும்பத்திடம் விடப்பட்டார்கள். திரும்பிப் போகிறோம் என்றுகூடச் சொல்லாமல் பெற்றோர் கப்பலேறிவிட்டார்கள்.

அந்த வீட்டில் ஏறத்தாழ ஆறு ஆண்டுகள். வீட்டுத் தலைவி கண்டிப்பானவர். அடியும் அவமானமும் அன்றாடம். சிறுவனுக்குப் புத்தகமே துணையாக இருந்ததால், படிக்க விடாமல் செய்வதும் ஒரு தண்டனையாயிற்று. ஒளிந்து ஒளிந்து மங்கிய வெளிச்சத்தில் படித்தார். பார்வை மிகவும் கெட்டுப்போயிற்று. ஆண்டுக்கு ஒருமுறை கிறிஸ்துமஸுக்கு லண்டனில் சித்தி வீட்டில் கழித்த நாட்கள் மட்டுமே மகிழ்ச்சி. ஆனால் தன் துன்பத்தை அங்கேயும் அவர் வாய்திறந்து சொல்லவில்லை. 1877இல் தாய் வந்து அழைத்துச் சென்ற பிறகே விடுதலை.

அடுத்த ஆண்டு டெவன் கடற்கரையில் இருந்த ஒரு பள்ளியில் சேர்ந்தார். கல்லூரிக்கு அனுப்ப வசதியில்லை. 1882இல், பதினாறு வயதில், இந்தியா திரும்பி லாகூரில் சிவில் அண்ட் மிலிட்டரி கெசட் பத்திரிகையில் உதவி ஆசிரியரானார். தந்தை அப்போது லாகூர் கலைப்பள்ளியின் முதல்வர், அருங்காட்சியகத்தின் பொறுப்பாளர். தூக்கம் வராத கோடை இரவுகளில் லாகூரின் சந்துகளில் சுற்றி அலைந்து கேட்டவையும் கண்டவையும் கதைகளாயின. 1887இல் அலகாபாத் பயனீர் பத்திரிகைக்கு மாறினார். 1889இல் இந்தியாவை விட்டுப் புறப்பட்டு, கிழக்கு நாடுகள், அமெரிக்கா வழியாக லண்டன் சேர்ந்தபோது வயது இருபத்து நான்குகூட ஆகவில்லை. மிக விரைவில் புகழ் வந்தது.

1892இல் கரோலின் பாலஸ்டியர் என்ற அமெரிக்கப் பெண்ணை மணந்தார். தேனிலவுப் பயணத்தில் ஜப்பானில் இருந்தபோது, சேமிப்பைப் போட்டு வைத்திருந்த வங்கி திவாலாயிற்று. கையிருப்பு கரைந்த நிலையில், மனைவியின் குடும்பம் வாழ்ந்த வெர்மாண்ட் மாநிலத்தின் பிராட்டில்பரோவில், மாதம் பத்து டாலர் வாடகைக்குச் சிறு வீடு ஒன்றை எடுத்தார்கள். அந்த டிசம்பர் மாதத்தில், சன்னல் விளிம்பு வரை பனி குவிந்திருந்த நாட்களில், மூத்த மகள் ஜோசஃபின் பிறந்தாள். மோக்ளியின் கதைகளும் அங்கேதான் பிறந்தன.

மோக்ளி வளர்வது இன்றைய மத்தியப் பிரதேசத்தின் சியோனிக் காட்டில். கிப்ளிங் அந்தக் காட்டுக்குப் போனதே இல்லை. ஸ்டர்ண்டேல் என்பவர் அந்தப் பகுதியைப் பற்றி எழுதிய நூலும், இந்திய விலங்குகளைப் பற்றித் தந்தை எழுதிய நூலும் அவருக்குத் துணை நின்றன. ஆயா சொன்ன கதைகளும் நெஞ்சின் அடியில் கிடந்திருக்கும். இன்றும் பலருக்கு இந்தியக் காடு என்றவுடன் கண்முன் வருவது அமெரிக்கப் பனியில் எழுதப்பட்ட அந்தக் காடுதான்!

1894இல் ஜங்கிள் புக்கும், 1895இல் இரண்டாம் ஜங்கிள் புக்கும் வெளிவந்தன. இவற்றின் சாகசங்கள் ஒருபுறம் இருக்கட்டும். தாய் தந்தையை இழந்த குழந்தைக்கு அங்கே எத்தனை பெற்றோர் என்று எண்ணிப் பாருங்கள். ஓநாய்த் தாய் தன் குட்டிகளோடு சேர்த்துப் பாலூட்டுகிறாள். ஓநாய்க் கூட்டத்தின் சபையில் பாலு அவனுக்காகப் பேசுகிறது. பகீரா ஒரு காளையை விலையாகக் கொடுத்து அவன் உயிரை மீட்கிறது. காட்டின் சட்டத்தைக் கற்றவனை யாரும் காரணமின்றித் தண்டிப்பதில்லை. சவுத்சீ வீட்டில் கிடைக்காதவை அனைத்தும் சியோனிக் காட்டில் கிடைக்கின்றன. பிறகு ஓநாய்க் கூட்டமும் அவனை விலக்குகிறது, ஊரும் கல்லெறிந்து துரத்துகிறது. எது தன் இடம் என்று தெரியாமல் அவன் நிற்கும் பகுதி, இரு நாடுகளுக்கிடையே பிள்ளை வளர்க்கும் நமக்குப் புதிதாகத் தோன்றாது.

அதே நூலில் வரும் ரிக்கி டிக்கி டாவி என்னும் கீரியின் கதையும் நம் வீட்டுக் கதைக்கு உறவுதான். பாம்பிடமிருந்து குழந்தையைக் காத்த கீரியை அவசரப்பட்டுக் கொன்ற தாயின் கதை பஞ்சதந்திரத்தில் உண்டு. சிலப்பதிகாரத்தின் அடைக்கலக் காதையிலும் வருகிறது. கிப்ளிங்கின் கீரி சாவதில்லை. வீட்டாரின் அன்பைப் பெற்றுக் காவலாக வாழ்கிறது.

ஆனால் அந்தச் சட்டத்துக்கு இன்னொரு முகமும் உண்டு. ஜங்கிள் புக்கின் கடைசிக் கதையில் ராணுவ முகாமின் விலங்குகள் பேசிக்கொள்கின்றன. விலங்கு பாகனுக்குக் கீழ்ப்படிகிறது, அவன் மேலதிகாரிக்கு, அவர் தளபதிக்கு என்று ஏறி, வைஸ்ராய் வழியாக விக்டோரியா மகாராணியில் போய் முடிகிறது அந்த வரிசை. ஒழுங்குக்கு ஏங்கிய மனம் அந்த ஒழுங்கைப் பேரரசிடம் கண்டது. வெள்ளையரல்லாதாரை ஆள்வது வெள்ளையரின் சுமை என்று 1899இல் கவிதை எழுதினார். ஜாலியன்வாலா பாக் படுகொலையை நடத்திய ஜெனரல் டயருக்காக ஒரு நாளேடு திரட்டிய நிதிக்கு அவரும் பணம் கொடுத்தார். லாகூரில் வாழ்ந்து பஞ்சாபை நேசித்த ஒருவர் இதைச் செய்தார் என்பது மன்னிக்க எளிதானதல்ல.

சொந்த வாழ்வில் அடிகள் தொடர்ந்தன. மைத்துனரோடு ஏற்பட்ட சண்டையால் 1896இல் வெர்மாண்டை விட்டு இங்கிலாந்து சென்றார். 1899இல் குடும்பத்தோடு நியூயார்க் சென்றபோது தந்தைக்கும் மகளுக்கும் கடும் காய்ச்சல். ஜோசஃபின் ஆறு வயதில் இறந்தாள். கிப்ளிங் உயிருக்குப் போராடிக்கொண்டிருந்ததால் உடனே அவரிடம் சொல்லவில்லை. அவளுக்குச் சொல்லி வந்த கதைகளே 1902இல் ஜஸ்ட் ஸோ ஸ்டோரிஸ் நூலாயின. ஒரு சொல்லும் மாறாமல் சொன்னபடியே திரும்பச் சொல்ல வேண்டும் என்று அவள் பிடிவாதம் பிடித்ததால் வந்த பெயர் அது. 1907இல், 41 வயதில், இலக்கிய நோபல் பரிசு பெற்றார். ஆங்கிலத்தில் எழுதி அப்பரிசைப் பெற்ற முதல்வர் அவரே.

முதல் உலகப் போரில் மகன் ஜானைக் கண்பார்வைக் குறைவு காரணமாக ராணுவம் ஏற்கவில்லை. கிப்ளிங் தம் செல்வாக்கைப் பயன்படுத்திச் சேர்த்துவிட்டார். 1915 செப்டம்பரில் லூஸ் போர்க்களத்தில் பதினெட்டு வயது ஜான் காணாமல் போனான். பெற்றோர் இறக்கும் வரை உடல் கிடைக்கவில்லை. போரில் இறந்தோருக்குக் கல்லறைகள் அமைத்த ஆணையத்தில் கிப்ளிங் பிறகு பல ஆண்டுகள் உழைத்தார். 1936 ஜனவரி 18 அன்று காலமானார். வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தில் அவரது அஸ்தி வைக்கப்பட்டது.

அவரது காடு புத்தகத்தோடு நிற்கவில்லை. சாரண இயக்கத்தைத் தொடங்கிய பேடன் பவல், 1916இல் சிறு பிள்ளைகளுக்காகக் குருளையர் அமைப்பை முறைப்படுத்தியபோது, கிப்ளிங்கின் அனுமதியோடு ஜங்கிள் புக்கையே அடிப்படையாகக் கொண்டார். பல நாடுகளில் குருளையர் தலைவரை அகேலா என்றே இன்றும் அழைக்கிறார்கள். அகேலா, ஓநாய்க் கூட்டத்தின் தலைவன்.

1901இல் வந்த கிம் நாவலிலிருந்தும் ஒரு விளையாட்டு பிறந்தது. ஒரு தட்டில் சாவி, நாணயம், பொத்தான், மிளகாய் என்று இருபதுக்கு மேற்பட்ட சிறு பொருள்களை வையுங்கள். பிள்ளைகள் ஒரு நிமிடம் பார்க்கட்டும். துணியால் மூடிவிட்டு, நினைவில் உள்ளவற்றை எழுதச் சொல்லுங்கள். நாவலில் ஒற்றர் பயிற்சியாக வருவது, குளிர்கால மாலைகளில் குடும்பம் முழுவதும் ஆடக்கூடிய ஆட்டமாகிவிட்டது.

2010இல் இளைய மகள் எல்ஸி வாழ்ந்த விம்போல் மாளிகையின் நூலகத்தில் ஜங்கிள் புக்கின் முதற்பதிப்பு ஒன்று கண்டெடுக்கப்பட்டது. இந்நூல் ஜோசஃபினுக்குச் சொந்தம், அவளுக்காகவே எழுதப்பட்டது என்று 1894 மே மாதத் தேதியிட்டுத் தந்தை தம் கையால் அதில் எழுதியிருந்தார்.

இந்நூலைப் பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டலாமா என்று தயங்கும் பெற்றோருக்கு ஒன்று சொல்லலாம். மோக்ளியையும் ரிக்கி டிக்கியையும் ஏழெட்டு வயதிலேயே உரக்கப் படித்துக் காட்டுங்கள். பிள்ளைகள் வளர்ந்ததும் அந்தக் கடைசிக் கதையை எடுத்து, இதை எழுதியவர் யார் பக்கம் நின்றார் என்று சேர்ந்து பேசுங்கள். இரண்டையும் தாங்கிக்கொள்ளும் திறன் பிள்ளைகளுக்கு உண்டு.