கற்பிட்டி தந்த காசிச்செட்டி

ஆண்டுதோறும் ஆவணித் திருவிழாக் காலத்திலே மருதமடுத் திருப்பதியில் வந்து கூடும் அடியார் கூட்டத்துள், நீர்கொழும்பு, சிலாபம், கற்பிட்டி முதலிய மேற்குக் கரையூர்களிலிருந்து வருவோர் தொகை பெரிது. அன்னவருள் முதியோர் சிலர் தமிழிலே செபமாலை சொல்ல, அவர்தம் பேரப்பிள்ளைகள் சிங்களத்திலே மறுமொழி கூறுவதை நாம் கண்டிருக்கிறோம். வழிபடும் நெஞ்சம் ஒன்றே. மொழி மட்டும் இரண்டு தலைமுறைக்குள் மாறிவிட்டது. இக்காட்சியைக் காணுந்தோறும் அக்கரையிலே பிறந்த பெரியார் ஒருவரின் நினைவு நம் உள்ளத்தில் எழுவதுண்டு. அவரே சைமன் காசிச்செட்டி.

கற்பிட்டியிலே, கவிரியேல் காசிச்செட்டியின் மைந்தராக, 1807ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 21ஆம் நாள் அவர் பிறந்தார். ஒல்லாந்தர் ஆட்சி நீங்கி ஆங்கிலேயர் ஆட்சி வேரூன்றத் தொடங்கிய காலம் அது. ஆங்கிலம் அறிந்த தமிழ் இளைஞரை அரசினர் தேடி அழைத்தனர். காசிச்செட்டியும் 1824இல், பதினேழாம் வயதிலேயே, கற்பிட்டி நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளராக அமர்ந்தார். நான்கு ஆண்டுகளில் புத்தளத்து மணியகாரராக உயர்ந்தார்.

மணியகாரர் பணி, ஊர்தோறும் சென்று குடிகளின் வழக்குகளையும் நிலபுலன்களையும் வரி வகைகளையும் நேரிற் காணும் பணியாகும். பலர்க்கு அது வயிறு வளர்க்கும் வழியாயிற்று, இவர்க்கோ கல்வியாயிற்று. கண்டதையும் கேட்டதையும் குறித்து வைக்கும் வழக்கம் அவரிடம் இருந்தது. அவ்வழக்கத்தின் பயனாக, 1834இல், தம் இருபத்தேழாம் வயதில், இலங்கையின் மாகாணங்கள், நகரங்கள், சிற்றூர்கள், துறைமுகங்கள், ஆறுகள், குளங்கள் ஆகியவற்றை அகரவரிசைப்படுத்தி விளக்கும் 'சிலோன் கசற்றியர்' என்னும் ஆங்கில நூலை வெளியிட்டார். மக்களின் ஒழுக்கம், தொழில், வாணிகம், சமயம், வரலாறு ஆகியனவும் அதனுள் அடங்கின. கோட்டையிலிருந்த சர்ச் மிசன் அச்சுக்கூடத்தில் அந்நூல் பதிப்பிக்கப்பட்டது.

இனி, அவர் சட்டநிரூபண சபை புகுந்த வரலாற்றைக் காண்போம். கோல்புறூக் ஆணைக்குழுவின் பரிந்துரையால் 1833இல் இலங்கைக்குச் சட்டநிரூபண சபையொன்று அமைந்தது. அதில் அரச உத்தியோகத்தர் ஒன்பதின்மர், உத்தியோகப்பற்றற்றோர் அறுவர். அறுவருள் மூவர் ஐரோப்பியர். எஞ்சிய மூவர் சிங்களவர் ஒருவர், பறங்கியர் ஒருவர், தமிழர் ஒருவர். யாவரையும் தேசாதிபதியே நியமித்தார். தேர்தல் என்பது அன்று இல்லை. முதல் தமிழ் உறுப்பினராக இருந்த ஆறுமுகநாதபிள்ளை குமாரசுவாமி 1836இல் மறைந்தார். அவ்விடத்திற்கு 1838இல் நியமிக்கப்பட்டவர் காசிச்செட்டி. அப்போது அவர்க்கு வயது முப்பத்தொன்று.

யாழ்ப்பாணத்துக்கும் மன்னாருக்கும் மட்டக்களப்புக்கும் புத்தளத்துக்கும் அவ்வொருவரே உறுப்பினர். முஸ்லிம் மக்களுக்கெனத் தனி உறுப்பினர் 1889ஆம் ஆண்டிலேதான் கிடைத்தமையால், தமிழ் பேசும் அனைவர்க்கும் அச்சபையில் இருந்தது ஒரேயோர் ஆசனமே என்க. உத்தியோகத்தர் ஒன்பதின்மரும் ஒருமுகமாக நிற்கும் சபையில், தனியொருவர் தம் வாக்கினால் யாதொன்றையும் மாற்றுதல் அரிது. நியமித்தவர் முன்னிலையிலேயே நியமிக்கப்பட்டவர் இருந்து பேசவேண்டிய நிலையையும் நாம் மறத்தலாகாது. ஆங்கிலமே அச்சபையின் மொழி. தமிழர் பிரதிநிதி தமிழிலே பேச இயலாத சபை அது. அவர் அங்கிருந்த ஏழாண்டுகளுக்குள், 1844இல், அடிமை முறையை அறவே ஒழிக்கும் சட்டம் இந்நாட்டில் இயற்றப்பட்டது.

சபையிலே ஆங்கிலம் பேசிய அவர் தமிழை மறந்தாரல்லர். 1841இல் 'உதயாதித்தன்' என்னும் தமிழ்த் திங்களிதழைத் தொடங்கினார். இதழ் படிப்போர் தொகை மிகச் சிறிதாயிருந்த அந்நாளில் அஃதொரு துணிவான முயற்சியே.

1845இல் ஆசனத்தை விடுத்துச் சிவில் சேவையிற் சேர்ந்தார். பின்னர் சிலாபத்தில் மாவட்ட நீதிபதியாகவும் கடமையாற்றினார். மக்கள் பிரதிநிதி அரச ஊதியத்தை நாடிச் சென்றது தகுமோ என இன்று நாம் வினவலாம். வினா நியாயமானதே. ஆயினும், சுதேசிகள்க்கு அடைபட்டிருந்த உயர்பதவிகளின் கதவு சிறிதே திறந்த காலம் அது. அதனுள் தமிழரொருவர் புகுந்ததும் ஒரு பணியே என்று அந்நாளையோர் கருதியிருத்தல் கூடும். அவ்வாண்டிலேயே தோன்றிய அரச ஆசிய சங்கத்தின் இலங்கைக் கிளைக்கு, யாழ்ப்பாண வரலாறு பற்றியும் முஸ்லிம் மக்களின் வழக்கங்கள் பற்றியும் கட்டுரைகள் எழுதினார்.

அவர் வாழ்வின் கனி 1859இல் யாழ்ப்பாணத்தில் அச்சேறியது. அதுவே 'தமிழ் புளூட்டாக்'. பெரியோர் சரிதங்களை எழுதிப் புகழ் கொண்ட கிரேக்க ஆசிரியரின் பெயரைச் சூடிய இந்நூல், தென்னாட்டிலும் ஈழத்திலும் வாழ்ந்த இருநூறுக்கு மேற்பட்ட புலவர்களின் வரலாற்றைச் சுருக்கிக் கூறுவது. ஆண்பாற் புலவரோடு பெண்பாற் புலவரும் இதில் இடம்பெற்றனர். சங்க நூல்கள் பெரும்பாலும் ஏட்டுச் சுவடிகளில் உறங்கிய காலம் அது, உ. வே. சாமிநாதையர் நான்கு வயதுக் குழந்தை. ஆகவே கால வரையறையிற் பிழைகள் நேர்ந்தன. கர்ணபரம்பரைக் கதைகளும் கலந்தன. தமிழ்ப் புலவர் வரலாற்றை ஒருங்கு திரட்ட எழுந்த முன்னோடி முயற்சிக்கு இக்குறைகள் இயல்பேயாம்.

ஆனால், தமிழ்ப் புலவரின் சரிதம் ஆங்கிலத்திலே எழுந்தது என்பது நெஞ்சை உறுத்தும் செய்தி. எம் இனத்தார்க்கும் இலக்கியம் உண்டு என்பதை ஆளுவோர்க்கு அவர்தம் மொழியிலே உணர்த்தவேண்டிய தேவை அன்று இருந்தது. தமிழர்க்குத் தமிழிலே சொல்லும் கடனை 1886இல் ஆறுமுகம் சதாசிவம்பிள்ளை என்னும் ஆர்னல்ட் தம் 'பாவலர் சரித்திர தீபகம்' வாயிலாக ஆற்றினார். காசிச்செட்டியின் நூலே அவர்க்கு வழிகாட்டிற்று. பின்னர் 1946இல், தெ. பொ. மீனாட்சிசுந்தரனார் குறிப்புகளுடன் ஆங்கில நூல் மறுபதிப்பும் பெற்றது.

1860 நவம்பர் 5ஆம் நாள், ஐம்பத்து மூன்றாம் வயதில், காசிச்செட்டி உலக வாழ்வை நீத்தார். சபையில் அவர் அமர்ந்த ஆசனமும் இல்லை, அச்சபையும் இல்லை. ஓய்வு நேரத்தில் அவர் எழுதி வைத்த ஏடுகள் உள்ளன. அவற்றுள் ஒன்று, தமிழரின் வழக்கங்களையும் இலக்கியத்தையும் கூறுவது, அவர் மறைந்து எழுபத்து நான்கு ஆண்டுகள் கழித்து 1934இல் வெளிவந்தது.

அவர் பிறந்த கரையிலோ, நீர்கொழும்பு தொடங்கிச் சிலாபம் வரையுள்ள பல ஊர்களில் தமிழ் தேய்ந்துவிட்டது. கற்பிட்டியிலும் புத்தளத்திலும் முஸ்லிம் மக்களின் நாவில் அது வாழ்கின்றது; 1990இல் மன்னாரிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம் மக்கள் பலர்க்கும் அக்கரையே தஞ்சமாயிற்று. அடுத்த திருவிழாவுக்கு அக்கரை முதியோர் மடுவுக்கு வரும்போது, அவர்கள் சொல்லும் பழம்பாடல்களையும் ஊர்ப் பெயர்களையும் கேட்டு எழுதிக்கொள்ள நம் மாணவர் சிலரேனும் முன்வருவாராக. காசிச்செட்டி மணியகாரராக ஊர் ஊராய் நடந்து செய்த பணி அதுவே. அதற்குச் சபை ஆசனம் வேண்டுவதில்லை. ஏடும் எழுதுகோலும் போதும்.