போர் நடுவே வந்த ‘சர்’ பட்டம்: தாகூர் ஏன் திருப்பிக் கொடுத்தார்?

யாராவது விருதைத் திருப்பிக் கொடுத்தால் போதும், சமூக வலைதளங்களில் தாகூர் பெயர் வந்துவிடும். அவர் நோபல் பரிசையே திருப்பிக் கொடுத்தார் என்றுகூடச் சிலர் எழுதுகிறார்கள். அது தப்பு. அவர் வேண்டாம் என்றது ‘சர்’ பட்டத்தைத்தான். (நோபல் பதக்கம் 2004இல் சாந்திநிகேதனில் திருடுபோனது தனிக்கதை.)

கொல்கத்தாவில் 1861இல் பிறந்த ரவீந்திரநாத் தாகூருக்கு இலக்கிய நோபல் கிடைத்தது 1913இல். அடுத்த வருடமே முதல் உலகப் போர் மூண்டது. இந்தியச் சிப்பாய்கள் பிரான்ஸுக்கும் மெசபடோமியாவுக்கும் கப்பல் கப்பலாகப் போய்க்கொண்டிருந்த 1915 ஜூனில், மன்னரின் பிறந்தநாள் கௌரவப் பட்டியலில் தாகூர் பெயர் வந்தது. போருக்கு இந்தியர்களின் ஆதரவு தேவைப்பட்ட நேரம் அது. உலகப் புகழ்பெற்ற கவிஞருக்குப் பட்டம் கொடுத்தால் அரசுக்கும் நல்ல பெயர்தானே!

ஆனால், பட்டம் வாங்கியவர் சும்மா இருக்கவில்லை. 1916இல் ஜப்பானுக்கும் அமெரிக்காவுக்கும் போய், தேசியவெறியைக் கண்டித்து மேடை மேடையாகப் பேசினார். ஆரவாரமாக வரவேற்ற ஜப்பானியர்களில் பலர் பேச்சைக் கேட்டு முகம் சுளித்தார்கள்.

போர் முடிந்த ஐந்தாவது மாதம், 1919 ஏப்ரல் 13, ஜாலியன்வாலா பாக். பஞ்சாபில் ராணுவச் சட்டம், பத்திரிகைகளுக்குத் தணிக்கை. நடந்தது என்ன என்பது வங்காளத்துக்குத் தெரியவே வாரங்கள் ஆயின. தடையை மீறி இருவரும் சேர்ந்து பஞ்சாபுக்குள் போகலாம் என்று காந்திக்கு ஆள் அனுப்பினார் தாகூர், காந்தி சம்மதிக்கவில்லை. கொல்கத்தாவில் கண்டனக் கூட்டமாவது போடலாம் என்று தலைவர்களைக் கேட்டுப் பார்த்தார். அதுவும் நடக்கவில்லை. பத்திரிகைகள் வாயடைத்துக் கிடந்தபோது அவர் கையில் மிச்சமிருந்தது அந்தப் பட்டம் மட்டும்தான். மே மாத இறுதியில் ஓர் இரவு உட்கார்ந்து வைஸ்ராய் செம்ஸ்ஃபோர்டுக்குக் கடிதம் எழுதினார்.

விசித்திரம் என்னவென்றால், அரசு அதை ஏற்றுக்கொள்ளவே இல்லை. பட்டத்திலிருந்து விடுவிக்கத் தனக்கு அதிகாரம் இல்லை என்ற வைஸ்ராய், மன்னரிடம் பரிந்துரைக்கவும் மறுத்துவிட்டார். அடுத்த ஆண்டு இங்கிலாந்து போனபோது பழைய நண்பர்கள் சிலரே பட்டும்படாமல் நடந்துகொண்டார்கள்.

இதில் தாகூருக்கு முன்னோடி நம்ம ஊர்க்காரர். மதுரையில் பிறந்து சென்னை உயர் நீதிமன்ற நீதிபதியாக இருந்த எஸ்.சுப்பிரமணிய ஐயர், 1918இலேயே ‘சர்’ பட்டத்தைத் துறந்தார். இந்தியாவுக்குத் தன்னாட்சி கேட்டு அமெரிக்க அதிபர் வில்சனுக்கு அவர் எழுதிய கடிதத்தை பிரிட்டிஷ் அரசு கண்டித்ததுதான் காரணம். அவரை இங்கே எத்தனை பேருக்குத் தெரியும்?

தாகூருக்கு இன்னொரு போர்க்கால கௌரவமும் வந்தது. இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்தது. தாகூருக்கு வயது 79, உடம்பு முடியவில்லை. அதனால் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகமே 1940 ஆகஸ்ட் 7 அன்று சாந்திநிகேதனுக்கு வந்து டாக்டர் பட்டம் கொடுத்தது. அதன் சார்பில் வந்தவர்கள் தலைமை நீதிபதி மாரிஸ் குவையரும் திருத்தணிக்காரரான ராதாகிருஷ்ணனும். தாகூரின் தத்துவம் பற்றி 1918லேயே புத்தகம் எழுதியவர் ராதாகிருஷ்ணன். விழாவில் லத்தீனில் வாசித்த பாராட்டுரைக்கு தாகூர் சம்ஸ்கிருதத்தில் பதில் சொன்னார்.

இந்தப் பட்டத்தை அவர் திருப்பிக் கொடுக்கவில்லை. சரியாக ஒரு வருடம் கழித்து, 1941 ஆகஸ்ட் 7 அன்று, பிறந்த வீட்டிலேயே காலமானார்.