71 வயதில் கிடைத்த பிரேக்: யார் இந்த மே விட்டி?

30 தாண்டினாலே 'லேட் ஆயிடுச்சோ'ன்னு பதறுகிறோம். மே விட்டியை ஹாலிவுட் திரும்பிப் பார்த்தபோது அவருக்கு வயது 71.

1865-ல் இங்கிலாந்தின் லிவர்பூலில் பிறந்தவர். 1880-களிலேயே லண்டன் மேடை ஏறிவிட்டார். பெண்களுக்கு வாக்குரிமை கேட்ட நடிகைகள் அமைப்பில் முன்னணியில் நின்றார். முதல் உலகப் போரில் செய்த தொண்டுக்காக 1918-ல் 'டேம்' பட்டம் கிடைத்தது. ஆண்களுக்கு 'சர்' மாதிரி, பெண்களுக்கு 'டேம்'. அதைப் பெற்ற முதல் நடிகை இவர்தான். ஆனால் நடிப்புக்காகத் தரப்படவில்லை!

பட்டத்தோடு ஒதுங்கிவிடவில்லை. சம்பளம், வேலைப் பாதுகாப்பு எதுவும் நிச்சயமில்லாத தொழில் அது. 1930-ல் நடிகர்களுக்காக 'ஈக்விட்டி' தொழிற்சங்கம் உருவானதில் இவருக்கும் பங்குண்டு. ஆரம்பக் கூட்டங்கள் இவர் வீட்டில்தான் நடந்தன.

சினிமாவுக்கு எப்படி வந்தார்?

'நைட் மஸ்ட் ஃபால்' நாடகத்தில் சக்கர நாற்காலியில் இருந்தபடியே எல்லோரையும் அதட்டும் பணக்காரக் கிழவி வேடம். அதையே 1937-ல் ஹாலிவுட் படத்திலும் செய்தார். துணை நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. அந்தப் பிரிவு தொடங்கி அது 2-வது ஆண்டுதான்.

அடுத்த ஆண்டு ஹிட்ச்காக்கின் 'தி லேடி வானிஷஸ்'. ஓடும் ரயிலில் காணாமல்போகும் மூதாட்டியாக நடித்தார். அப்படி ஒருத்தரே இல்லைன்னு எல்லோரும் சாதிக்க, ஜன்னல் கண்ணாடியில் அவர் விரலால் எழுதிய பெயர் மட்டும் மிச்சம்.

'மிஸஸ் மினிவர்' (1942) படத்துக்காக மீண்டும் ஆஸ்கர் பரிந்துரை. 1948-ல் மறையும்வரை விருது மட்டும் கைக்கு வரவில்லை. அவர் வீட்டில் கூடிப் பேசிய சங்கம் இன்றும் நடிகர்களின் சம்பளத்துக்காகப் பேசிக்கொண்டிருக்கிறது.